விளக்குக் கம்பத்து அட்ராக்டா

கில்டெர்ரா என்ற சிற்றூரின் விளக்குக் கம்பங்களில் கட்டியிருந்த, அட்ராக்டா கெராட்டியின் படம் போட்ட தேர்தல் தட்டிகள், மே மாதத்து இரண்டாம் செவ்வாய்க்கிழமை காலை முகம் மாறத் தொடங்கின. அன்று சந்தையில் ஆட்டுக்குட்டி விலை சற்று இறங்கியிருந்தது, மேற்கிலிருந்து தூறல். பாலத்தடியில் இருந்த தட்டிதான் முதலில் கொட்டாவி விட்டது. கறிக்கடைக்காரர் அதைப் பார்த்தார், கடையைத் திறந்தார், கொத்துக்கறி வாங்க வந்தவளிடம் சொன்னார். எல்லாத் தட்டிகளும் ஒரே நேரத்தில் ஒரே மாதிரிதான் மாறுகின்றன என்பது மதியத்துக்குள் ஊருக்குத் தெரிந்துவிட்டது. அவை எதைப் பின்பற்றுகின்றன என்பதைக் கண்டுபிடித்தவள் அவளுடைய தோழி டிம்ப்னா லோஃப்டஸ். அவள் அப்போது அட்ராக்டாவின் அடுப்படியில் உட்கார்ந்து துண்டறிக்கைகளை மடித்துக்கொண்டிருந்தாள். அட்ராக்டா கொதிக்கக் கொதிக்க டீயை ஒரு வாய் குடித்தாள். அவள் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. ஜன்னலுக்கு வெளியே கம்பத்தில் இருந்த அட்ராக்டா மட்டும் முகத்தைச் சுளித்து, நாக்கை வெளியே நீட்டி, காற்றில் ஆற்றிக்கொண்டிருந்தாள்.

"சுட்டிருச்சா?" என்றாள் டிம்ப்னா.

"இல்லையே" என்றாள் அட்ராக்டா.

தட்டி அசைந்ததைக்கூட ஊர் ஒப்புக்கொண்டது. அட்ராக்டாவுக்கு முகம் என்று ஒன்று இருந்ததைத்தான் ஒப்புக்கொள்ளக் கொஞ்ச நாள் பிடித்தது. அவள் முப்பது வருடமாக ஊருக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்தவள். கில்டெர்ராவில் ஐம்பது வயதுக்குக் கீழே யார் ஸ்டியரிங் பிடித்தாலும் அது அவள் பக்கத்தில் உட்கார்ந்து பழகிய கை. ஒருத்தன் பிரேக் என்று நினைத்து ஆக்ஸிலரேட்டரை மிதித்துக் காரை ஆற்றில் இறக்கியபோது, தண்ணீர் முழங்கால் வரை ஏறிய பிறகு, "இப்ப ஹேண்ட் பிரேக்கைப் போடு, மெதுவா" என்று சொன்னவள். புருஷன் எண்டாவை அடக்கம் செய்த அன்று சவப்பெட்டிக்குப் பக்கத்தில் நின்று வந்தவர்களுக்கெல்லாம் கை கொடுத்தாள். அன்றும் அந்த முகத்தில் ஒரு கோடு நகரவில்லை. ஊரில் அவளுக்கு 'மைல்கல்' என்று பெயர். அவளுக்கும் அது தெரியும். பிடித்ததா இல்லையா என்பதை யாரும் கண்டுபிடித்ததில்லை.

அவள் தேர்தலில் நின்றது ஒரு பஸ்ஸுக்காக. கில்டெர்ராவிலிருந்து மாவட்டத் தலைநகரின் ஆஸ்பத்திரிக்குப் போய்வந்த ஒரே பஸ்ஸை, கூட்டம் போதவில்லை என்று நிறுத்தப்போவதாகச் செய்தி வந்தது. மறுநாளே அட்ராக்டா சுயேச்சையாக மனு கொடுத்துவிட்டு, நேராக டிம்ப்னாவின் பார்லருக்கு வந்து நாற்காலியில் உட்கார்ந்தாள். இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. டிம்ப்னா கத்தரி பிடிக்கக் கற்றுக்கொண்டதே அந்தத் தலையில்தான்.

"கார் ஓட்டக் கத்துக்குடுக்கிறவ பஸ்ஸுக்காக நிக்கிறியா? உன் பொழப்புல நீயே மண்ணள்ளிப் போட்டுக்கிறியேடி" என்றாள் டிம்ப்னா.

"எல்லாராலயும் ஓட்ட முடியாது" என்றாள் அட்ராக்டா.

டிம்ப்னா அதை ஒரு தேர்தல் வாசகமாக எடுத்துக்கொண்டாள். நல்ல வாசகம்தான் என்று நினைத்தாள். தட்டியில் அதையே அடிக்கக் கொடுத்தாள்.

முகம் மாறுகிற தட்டிகளால் பிரசாரத்துக்கு நல்லதா கெட்டதா என்று முதல் வாரம் யாராலும் சொல்ல முடியவில்லை. அட்ராக்டா கதவைத் தட்டுவாள், டிம்ப்னா பக்கத்தில் நிற்பாள், கதவு திறக்கும். திறந்தவர்கள் அட்ராக்டாவைப் பார்க்காமல் அவள் தோளுக்கு மேலாகத் தெருக்கம்பத்தைப் பார்த்துக்கொண்டே பேசுவார்கள். மாதா கோயில் கூரைக்குத் தான் பட்ட பாட்டைப் பற்றி ஃபாதர் டிக்னன் வெகுநேரம் விவரித்தார். அட்ராக்டா மைல்கல் மாதிரி நின்று கேட்டாள். கம்பத்தில் இருந்தவள் கண்ணை உருட்டி வானத்தைப் பார்த்தாள். ஃபாதர் பாதியில் நிறுத்தி, "சரி, நான் கொஞ்சம் அதிகமாத்தான் பேசறேன்" என்றார். அவர் அப்படிச் சொன்னது அந்தப் பங்கில் அதுவே முதல் தடவை. மேட்டுநிலத்துக் கிழவர் மட்டி கில்பேன், தன் பன்றி கல்யாண வீட்டுக்குள் புகுந்த கதையைச் சொன்னபோது, ஊர்க் கோடியில் இருந்து பாலம் வரை எல்லாத் தட்டிகளும் வாயைப் பொத்த முடியாமல் கண்ணீர் வரச் சிரித்தன. கடைத்தெருவில் நின்றவர்கள் எதற்கென்றே தெரியாமல் கூடச் சேர்ந்து சிரித்தார்கள். "என் கதைக்குச் சிரிச்ச மொத ஆளு நீதான். என் ஓட்டு உனக்கு, என் பன்னிக்கு ஓட்டு இருந்தா அதுவும் உனக்கு" என்றார் கிழவர்.

எதிரே நின்றவர் கோல்மன் டர்க்கன். நான்கு முறை கவுன்சிலர். மதுக்கடையும் சவ அடக்கத் தொழிலும் அவருடையவை. ஊரில் ஒருவனைக் குடிக்க வைப்பதும் அவர்தான், கடைசியில் மண்ணுக்குள் இறக்கி வைப்பதும் அவர்தான். இரண்டையும் ஏமாற்றாமல் செய்தார். அவருடைய தட்டிகள் எப்போதும்போலச் சிரித்துக்கொண்டே இருந்தன. மழையிலும் அதே சிரிப்பு, பிண ஊர்வலம் கீழே போகும்போதும் அதே சிரிப்பு. இத்தனை வருடமாக யாருக்கும் தோன்றாதது இப்போது தோன்றியது. டர்க்கன் மாவட்ட அலுவலகத்துக்குப் புகார் எழுதினார். தட்டியின் அளவு, உயரம், போக்குவரத்து விளக்கிலிருந்து இருக்கவேண்டிய தூரம், அச்சகத்தின் பெயர் எல்லாம் சட்டத்தில் இருக்கின்றன, முகபாவம் பற்றி எதுவும் இல்லை என்று பதில் வந்தது.

டிம்ப்னாவுக்குத் தன் தோழி இத்தனை சிரிப்பை உள்ளே வைத்திருந்தாள் என்பதே பெரிய சந்தோஷமாக இருந்தது. ஆனால் ஒரு விஷயம் உறுத்தியது. ஒவ்வொரு கதவும் திறந்தவுடன், திறந்தவர் வாய் திறப்பதற்கு முன்னால், கம்பத்து முகத்தில் ஒரு பயம் வந்துபோனது. கூட்டத்தில் அம்மாவின் கையை விட்டுவிட்ட குழந்தையின் பயம். கதவுக்காரர் "வாங்க வாங்க" என்றதும் அது போய்விடும். கூச்சம் என்று டிம்ப்னா நினைத்தாள். தேர்தலுக்காக அட்ராக்டா எங்கும் நடந்தே போவதையும், கழுவித் துடைத்த கார் முற்றத்தில் நிற்பதையும், பணிவு என்று ஊர் நினைத்தது. அதை டிம்ப்னாவும் துண்டறிக்கையில் போட்டிருந்தாள்.

டர்க்கனும் அந்தப் பயத்தைப் பார்த்தார். ஒரு ஞாயிறு, கோயில் வாசலில் அவர் தொப்பியைக் கழற்றிப் பேசாமல் அட்ராக்டாவின் முன்னால் நின்றார். அவள் தலையைச் சற்றே பக்கவாட்டில் சாய்த்து, அவரைத் தாண்டிப் போய்விட்டாள். எதிரியாக இருந்தாலும் வணக்கத்தைத் திருப்பித் தராமல் போகிறவள் அல்ல அவள். டர்க்கன் அண்ணாந்து கம்பத்தைப் பார்த்தார். அங்கே இருந்தவள் வழி தவறியவள் மாதிரி நின்றாள். அவர் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டே வீடு வரை நடந்தார்.

ஓட்டுப்பதிவுக்கு முந்தின வாரம், பங்கு மண்டபத்தில் வேட்பாளர்கள் கூட்டம் நடந்தது. ஜூன் மாதம் நெருங்கியிருந்ததால் சாயங்காலம் வெளிச்சமாகவே இருந்தது. மண்டபத்தின் பெரிய ஜன்னலுக்கு வெளியே, கூரை நீட்டத்துக்கு அடியில் ஒரு தட்டி இருந்தது. ஊர்க்காரர்கள் மேடைக்குப் பாதியும் ஜன்னலுக்குப் பாதியுமாக நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தார்கள். சாக்கடை, தெருவிளக்கு, மீன்பிடிப் படித்துறை எல்லாம் பேசி முடிந்தபின் டர்க்கன் எழுந்தார்.

"ஒரே ஒரு கேள்வி, அட்ராக்டா. என் கையில என்ன இருக்கு?"

அட்ராக்டா தலையைச் சாய்த்தாள். "வேறென்ன, உங்க நோட்டீஸ்தான். ஊரு பூரா அதுதானே கெடக்கு."

நாலைந்து பேர் சிரித்தார்கள். பிறகு டர்க்கனின் கையைப் பார்த்து, சிரிப்பை நிறுத்தினார்கள். ஜன்னலுக்கு வெளியே இருந்த முகம் அதற்கு முன்பே வெளுத்திருந்தது.

"இது என் மக ஓர்லாவோட போட்டோ" என்றார் டர்க்கன். குரல் உயரவில்லை. "பத்து வருஷம் காத்திருந்து பெத்த ஒரே புள்ள. போன நவம்பர்ல, கொட்டற மழையில, அவளை ஹைவேல ஓட்டப் பழக்கக் கூட்டிட்டுப் போன. அப்ப உனக்கு ரோடு தெரிஞ்சுதா?"

அட்ராக்டா மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"ஓரம் தெரிஞ்சுது" என்றாள். "நடுவுலதான் எதுவும் தெரியலை."

"அப்புறம் எதுக்குடி கூட்டிட்டுப் போன?"

"டெஸ்ட்டு கிட்டத்துல இருந்துச்சு. நிறுத்திட்டா ஏன்னு கேப்பாங்க. சொல்லப் பயந்தேன். அவதான் கடைசி, அதுக்கப்புறம் ஏதாவது சாக்குச் சொல்லி யாரையும் ஏத்தலை." டர்க்கன் பக்கம் திரும்பிச் சொன்னாள்: "நீங்க கோவப்படறது நியாயம், கோல்மன். நான் உங்க எடத்துல இருந்தா இத்தனை அமைதியாக் கேட்டிருக்க மாட்டேன்."

அவள் முகம் வழக்கம்போலவே இருந்தது. கூரை நீட்டத்துக்கு அடியில், ஒரு சொட்டு மழை படாத இடத்தில், தட்டியின் கன்னங்கள் நனைந்து, கண்ணீர் சட்டம் வழியாக ஒழுகிச் சுவரில் கோடு போட்டது. மண்டபம் முழுக்க அதைப் பார்த்தது. டிம்ப்னா மட்டும் தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு துண்டறிக்கைக் கட்டையும் குடையையும் நாற்காலியிலேயே விட்டுவிட்டு எழுந்து போனாள்.

மறுநாள் காலை ஊரில் இருந்த எல்லாத் தட்டிகளும் கண்ணை மூடியிருந்தன. அடுத்த நாளும், அதற்கடுத்த நாளும் திறக்கவில்லை. ஊரில் கோபம் இருந்தது. தங்கள் பிள்ளைகளை அந்தக் காரில் அனுப்பியவர்கள் வாசலில் நின்று உரக்கவே பேசினார்கள். அப்படிப் பேசியவர்களும் கம்பத்துக்கு அடியில் வரும்போது, தூங்குகிற பிள்ளை இருக்கிற வீட்டில் நடப்பதுபோல மெதுவாக நடந்தார்கள். லாரிக்காரர்கள் பாலத்தில் ஹாரன் அடிக்கவில்லை. ஒரு தகப்பன் ஆத்திரத்தோடு ஏணியைத் தூக்கிக்கொண்டு வந்து, கடைத்தெருத் தட்டிக்கு முன்னால் வெகுநேரம் நின்றுவிட்டு, ஏணியைத் திரும்பத் தூக்கிக்கொண்டு போனான்.

டிம்ப்னா கடையைத் திறந்து வைத்திருந்தாள். ஆனால் எதிர்ச்சாரியில் இருந்த அட்ராக்டாவின் வீட்டுப் பக்கம் தலையைத் திருப்பவில்லை. "உனக்கே தெரியாதுன்னு சொன்னா யாரு நம்புவா டிம்ப்னா?" என்று ஹேர் டிரையருக்கு அடியில் இருந்து ஒருத்தி கேட்டாள். டிம்ப்னா டிரையரின் சூட்டைக் கூட்டினாள். அந்த வாரம் மூன்று பேருக்குச் சாயம் தப்பாக விழுந்தது. ஒருத்தியின் தலை பச்சையாகிவிட்டது. அவளும் வாய் திறக்காமல் காசைக் கொடுத்துவிட்டுப் போனாள்.

ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து ஊர் சாப்பிட உட்கார்ந்த நேரத்தில், டிம்ப்னா தெருவைக் கடந்து போனாள். கதவு சாத்தியிருக்கவில்லை.

"யாரு?" என்றாள் அட்ராக்டா உள்ளிருந்து.

"நெசமாவே தெரியாமக் கேக்குறியா?"

"மிதியடியில செருப்பைத் தேச்சப்பவே தெரிஞ்சுது. கொரலைக் கேக்கணும்போல இருந்துச்சு, அதான்."

டிம்ப்னா உட்காரவில்லை. நான்கு நாளாக மனத்துக்குள் சொல்லிப் பார்த்ததெல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழுந்தது. "நாப்பது வருஷமா உன் தலையில கை வைக்கிறேன்டி. உன் சுழி எந்தப் பக்கம்னு தெரியும். எண்டா செத்தப்ப உன் முடி எந்த எடத்துல கொட்டுச்சுன்னு தெரியும். உன் அம்மாவுக்குத் தெரியாததெல்லாம் எனக்குத் தெரியும்னு நெனச்சுக்கிட்டிருந்தேன். கடைசியில ஊரோட ஊரா உக்காந்து, ஒரு ஜன்னல் வழியா, அந்த டர்க்கன் சொல்லித் தெரிஞ்சுக்கிட்டேன். நான் யாரு உனக்கு? ஓட்டுக் கேக்க வந்த எடத்துல கதவு தொறக்கிற ஆளா?"

அட்ராக்டா மேசைத்துணியின் ஓரத்தை மடித்தாள், பிரித்தாள்.

"மொதல்ல போனது உன் முகம்தான்" என்றாள். "உன் கடையில, கண்ணாடியில. போன வருஷம் அறுப்பு சமயம். நிமிந்து பாத்தேன். என் தலைக்கு மேல உன் கை இருந்துச்சு, கத்தரி இருந்துச்சு, பின்னாடி காலண்டர் இருந்துச்சு. உன் முகம் இருந்த எடத்துல மட்டும் ஈரத்துணி மாதிரி ஒண்ணு. நீ என்னமோ சொல்லிச் சிரிச்ச. டாக்டர் பாத்துட்டு, போனது வராது, மிச்சமும் போகும்னுட்டார். ஊரு முகம் போனா போகுது. உன் முகம் போச்சுன்னு உன்கிட்டயே எப்படிடி சொல்றது?"

டிம்ப்னா ஜன்னலைப் பார்த்தாள். கம்பத்தில் மூடிய கண்களுக்குக் கீழே உதடு நடுங்கிக்கொண்டிருந்தது. பிறகு எதிரில் இருந்த முகத்தைப் பார்த்தாள். அசையாத அந்த முகத்தின் இரண்டு பக்கத்திலும் கைகளை வைத்தாள். சுரம் வந்தவளின் கன்னம் மாதிரி அது கொதித்துக்கொண்டிருந்தது. கம்பத்தில் தெரிந்ததெல்லாம் இங்கேயும் இருந்தது, கையை வைத்துப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும்.

"தலையைப் பாரு, எண்ணெய்க் காடா இருக்கு" என்றாள் டிம்ப்னா. "நாலு நாளாக் குளிக்கலையா?"

"யாரு பாக்கப் போறான்னு இருந்துட்டேன்."

"ஊரே பாக்குதுடி உன்னை. கம்பத்துக்குக் கம்பம்."

டிம்ப்னா கெட்டிலில் தண்ணீர் வைத்து, பேசினில் விளாவி, சட்டையின் கைகளை மடித்துக்கொண்டு அவள் தலையைக் கழுவத் தொடங்கினாள். இரண்டாம் முறை சோப்புப் போட்டுக்கொண்டிருக்கும்போது தெருவில் கூச்சல் கேட்டது. கறிக்கடைக்காரரின் மனைவி, கையில் உருளைக்கிழங்குக் கரண்டியோடு நடுத்தெருவில் நின்று கத்திக்கொண்டிருந்தாள்: "கண்ணைத் தொறந்திருச்சு! எல்லாம் வந்து பாருங்க, தொறந்திருச்சு!" சாப்பாட்டு மேசையிலிருந்து ஆட்கள் வாயில் ரொட்டியோடு வெளியே வந்தார்கள்.

"வெக்கமா இல்ல உனக்கு?" என்றாள் டிம்ப்னா.

"இருக்கு" என்றாள் அட்ராக்டா, பேசினுக்குள்ளிருந்து.

மீதி நாட்களில் இருவரும் சேர்ந்து எல்லா வீட்டுக்கும் மறுபடி போனார்கள். கதவு திறந்ததும் அட்ராக்டாவே முதலில் பேசினாள்: "நான் அட்ராக்டா. உங்க முகம் எனக்குத் தெரியாது, பேரைச் சொல்லுங்க." தனக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்தவளுக்கே தன் பெயரைச் சொல்வது ஊருக்கு விசித்திரமாக இருந்தது. சிலர் சொல்லிவிட்டு அழுதார்கள். ஏணியோடு வந்த தகப்பன் பெயரைச் சொல்லாமலே கதவைச் சாத்தினான்; அவள் சாத்திய கதவிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு அடுத்த வீட்டுக்குப் போனாள். டர்க்கன் வீட்டில் ஓர்லாதான் திறந்தாள். "அன்னைக்கு மழையில உங்க கை நடுங்குச்சு, மிஸ். குளிருன்னு நெனச்சேன்" என்றாள். "குளிரு இல்ல" என்றாள் அட்ராக்டா.

ஓட்டு எண்ணிக்கை மாவட்டத் தலைநகரின் விளையாட்டுக் கூடத்தில் இரண்டு நாள் நடந்தது. அங்கே ஒரே தொகுதியிலிருந்து பல பேரைத் தேர்ந்தெடுப்பார்கள்; ஓட்டுச்சீட்டில் பிடித்த வரிசைப்படி ஒன்று, இரண்டு, மூன்று என்று எண் போடுவார்கள். ஒருவர் ஜெயிக்கத் தேவையானதற்கு மேல் வாங்கிவிட்டால் மிச்சம் அந்தச் சீட்டுகளில் இரண்டு என்று குறிக்கப்பட்டவருக்குப் போகும். முதல் சுற்றிலேயே டர்க்கன் ஜெயித்துவிட்டார், எப்போதையும்விட அதிகமாக. அட்ராக்டா எங்கோ கீழே கிடந்தாள். டிம்ப்னா தடுப்புக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, கொண்டுவந்த ஹாம் சாண்ட்விச்சைத் தின்னாமல் பிய்த்துக்கொண்டிருந்தாள். பிறகு டர்க்கனின் மிச்ச ஓட்டுகளைப் பிரித்தார்கள். ஒன்று, டர்க்கன். இரண்டு, கெராட்டி. ஒன்று, டர்க்கன். இரண்டு, கெராட்டி. கட்டுக் கட்டாக அப்படியே வந்தது. கில்டெர்ரா தன் ஒன்றைக் கோபத்துக்குக் கொடுத்திருந்தது. இரண்டை அவளுக்கென்று வைத்திருந்தது. சாயங்காலம் கடைசி இடத்தில் அவள் ஜெயித்ததாக அறிவித்தார்கள்.

டர்க்கன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். "என் சீட்டும் அதுல இருக்கு" என்றார், சண்டைக்கு வந்தவர் மாதிரி. "எனக்கு ஒண்ணு போட்டேன். ரெண்டை யாருக்குப் போடறதுன்னு பென்சிலைக் கடிச்சுக்கிட்டு நின்னேன். தூரத்துக் கம்பத்துல அவ வேற பாத்துக்கிட்டிருந்தா. வீட்டுல ஓர்லா ஒரு வாரமா என்கூடப் பேசலை. ஒரு மனுஷன் எத்தனை பொம்பளைங்க மொறைக்கறதைத் தாங்குவான்?"

"நன்றி, கோல்மன்" என்றாள் அட்ராக்டா, அவர் குரல் வந்த பக்கம் கையை நீட்டி. முகம் அசையவில்லை. அங்கிருந்து வெகுதூரத்தில் கில்டெர்ராவில் எல்லாத் தட்டிகளும் ஒரே நேரத்தில் பல் தெரியச் சிரித்ததை வைத்துத்தான் ஊர் முடிவைத் தெரிந்துகொண்டது. வானொலியில் அது பிறகுதான் வந்தது.

தேர்தல் முடிந்து ஒரு வாரத்துக்குள் தட்டிகளை இறக்கிவிட வேண்டும் என்பது சட்டம். டிம்ப்னா கட்டிங் பிளேயரோடு ஏணியில் ஏறினாள். பாலத்தடித் தட்டி பிளேயரைப் பார்த்தது, பிறகு அவளைப் பார்த்தது. "அப்படிப் பாக்காத" என்று சொல்லிவிட்டு டிம்ப்னா இறங்கிவிட்டாள். அபராத நோட்டீஸ் வரும் முன்னால் டர்க்கன் மாவட்ட மன்றத்தில் ஒரு தீர்மானம் கொண்டுவந்தார்: கில்டெர்ராவில் இருக்கும் மேற்படி தட்டிகளைச் சாலைக் குறியீடுகளாகக் கருத வேண்டும். சாலைக் குறியீடு என்றால் அது எதையாவது எச்சரிக்க வேண்டுமே என்று பொறியாளர் ஆட்சேபித்தார். "எச்சரிக்கத்தான் செய்யுது. நான் எப்ப வேகமாப் போனாலும் மொறைக்குது" என்றார் டர்க்கன். தீர்மானம் எதிர்ப்பின்றி நிறைவேறியது. அந்தச் சாலையில் விபத்துகள் குறைந்ததாகப் பிற்பாடு கணக்கு எடுத்தார்கள். பஸ்ஸை நிறுத்தவில்லை, புதன்கிழமை மட்டும் கிடையாது என்று ஆயிற்று. இப்படிப்பட்ட காரியங்களில் ஏதாவது ஒரு கிழமையை விட்டுக்கொடுக்கத்தான் வேண்டியிருக்கிறது. அட்ராக்டா கூட்டத்துக்கு அந்த பஸ்ஸில்தான் போய்வந்தாள், டிரைவருக்குப் பின் இருக்கையில், வலது காலை இல்லாத பிரேக்கின் மேல் வைத்துக்கொண்டு. டிரைவர் அவளிடம் படித்தவர். அவர் அதைக் கண்டுகொள்ளவில்லை.

மூன்றாம் வருடத்துக் குளிர்காலத்தில் அவளுக்கு ஓரப் பார்வையும் போய்விட்டது. வெளிச்சம் எங்கே இருக்கிறது என்பது மட்டும் தெரிந்தது, பிறகு அதுவும் இல்லை. தட்டிகள் மூன்று நாள் அழுதன. ஊர் அவற்றுக்குக் கீழே தொப்பியைக் கழற்றிக்கொண்டு போய்வந்தது. அதன்பின் வசந்தத்தில் ஒரு நாள், பார்லர் நாற்காலியில் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்த அட்ராக்டா சொன்னாள்:

"டர்க்கன் வீட்டுக் கதவுக்கு மஞ்சளடிக்கச் சொன்னது யாரு? பொருந்தவே இல்ல."

டிம்ப்னாவின் கத்தரி நின்றது. டர்க்கன் வீட்டுக் கதவுக்கு முந்தின நாள்தான் மஞ்சள் அடித்திருந்தார்கள். அந்த வீட்டுக்கு எதிரே ஒரு கம்பம் இருந்தது.

"நீயும் முடியை எதுக்கு அவ்வளவு குட்டையா வெட்டிக்கிட்ட? முன்னாடி இருந்ததே நல்லாத்தான் இருந்துச்சு."

பார்லர் வாசலுக்கு எதிரே இருந்த கம்பத்தை டிம்ப்னா திரும்பிப் பார்த்தாள். அது அவளையே பார்த்துக்கொண்டிருந்தது.

"அப்ப என் முகம்?" என்றாள் டிம்ப்னா.

"காலையில நீ கடை தொறக்க வரும்போது பாக்கறேன். போன மாசத்துலேருந்து" என்றாள் அட்ராக்டா. "வயசாயிடுச்சுடி உனக்கு."

அன்றிலிருந்து டிம்ப்னா கடையைத் திறப்பதற்கு முன் வாசலில் கொஞ்ச நேரம் நிற்பாள். மழையானால் குடையைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு நிற்பாள். எதற்கு நிற்கிறாள் என்று ஊருக்குத் தெரிந்தபோது, ஜன்னலுக்கு நேராகக் கம்பம் இருந்த வீடுகளில் திரைச்சீலை வாங்கிப் போட்டார்கள். புதிதாகக் குழந்தை பிறந்தால் கம்பத்துக்கு அடியில் தூக்கிக்கொண்டு வந்து காட்டினார்கள். ஓட்டப் பழகுகிறவர்கள் காரைப் பின்னால் எடுக்கும்போது அண்ணாந்து பார்த்து, அது தலையை ஆட்டிய பிறகே கிளட்ச்சை விட்டார்கள்.

தட்டிகள் அவளோடு சேர்ந்து முதுமையடைந்தன. முடி நரைத்தது, கன்னம் தொங்கியது. லாரிப் புகையும் கடற்காற்று உப்பும் கண்ணில் படிந்தால் அவளுக்கு ஊர் மங்கலாகிவிடுவதால், கிழமைக்கு ஒருவராக ஏணியில் ஏறித் துடைத்துவிடுவது என்று ஏற்பாடாயிற்று. அடுத்த தேர்தலில் டர்க்கன் நிற்கவில்லை. முழங்கால் ஒத்துழைக்கவில்லை என்றார். இருந்தாலும் திங்கட்கிழமை அவருடைய முறை, அதை யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. ஓர்லா கீழே ஏணியைப் பிடித்துக்கொள்வாள். அவர் வாளியையும் பஞ்சையும் எடுத்துக்கொண்டு முனகிக்கொண்டே ஏறி, "கண்ணை மூடிக்கோ அட்ராக்டா, சோப்பு" என்பார். அது மூடிக்கொள்ளும். மாவட்ட மன்றம் கூடுவதும் திங்கட்கிழமைதான். அங்கே படித்துறை பற்றியோ பள்ளிக்கூடத்துக் கூரை பற்றியோ பேசிக்கொண்டிருக்கும் கவுன்சிலர் கெராட்டி, பேச்சின் நடுவே சட்டென்று கண்ணை இறுக மூடிக்கொண்டு நிறுத்துவாள். தலைவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, அவள் திறக்கும்வரை காத்திருப்பார்.